சாக்பீஸில் வரைந்த சமையலறை

2009 மார்ச் 12, மாலை நான்கு மணி பத்து நிமிடம். அஜ்மான் வீட்டில், நார்வேயின் ஆரம்பகாலப் பெண் கட்டடக் கலைஞர் ஒருவரைப் பற்றிய கட்டுரையைப் படித்துக்கொண்டிருந்தேன். அவருக்கும் முதலில் சமையலறையைத்தான் வரையக் கொடுத்தார்களாம்.

ஒரு கட்டட நிறுவனத்தில் வரைவாளராக இருந்த அம்மாவுக்கும் அப்படித்தான். எனக்கு ஒன்பது வயதானபோது, துபாயின் சத்வா பகுதியில் எழுந்த ஒரு கட்டடத்தின் சமையலறைதான் அவருடைய முதல் சொந்த வரைபடம். அது தவறினால், பழையபடி பிறர் வரைந்தவற்றை நகலெடுக்க வேண்டியதுதான். சுவர் எழுப்பும் முன்பு, ஒரு வியாழன் மாலை என்னையும் சைட்டுக்கு அழைத்துப்போனார். சிமெண்ட் மணக்கும் தளத்தில், சமையலறையை சாக்பீஸால் முழு அளவில் வரைந்தார்.

கொத்தனார் முருகேசன் கோட்டுக்குள் நின்று, இல்லாத குழம்பைக் கிண்டிப் பார்த்தார்.

"மேடம், அடுப்புகிட்ட ஆள் நின்னா கதவு முதுகுல இடிக்குமே. உங்க வீட்டுல சமையல் யாரு?"

"எங்க வீட்டுக்காரருதான்," என்றார் அம்மா.

"அதான பாத்தேன்! நாங்க தங்குற லேபர் கேம்ப்ல எனக்கு வாரத்துல மூணு நாள் சமையல் டூட்டி."

சுற்றி நின்ற தொழிலாளர்கள் சிரித்தார்கள், அம்மாவும்தான். பிறகு குனிந்து கதவை அழித்து, எதிர்ச்சுவருக்கான கோட்டில் வரைந்தார். சனிக்கிழமை மேலாளர் மறுபேச்சின்றிக் கையெழுத்திட்டார். அடுத்து அம்மாவிடம் ஒரு முழு வீட்டையே வரையக் கொடுத்தார்.

கட்டுரையைப் படித்த மறுநாள் காலை, அந்தச் சமையலறை எந்த மாடியில் என்று அம்மாவிடம் கேட்டுக்கொண்டு, அதைப் பார்க்க சத்வாவுக்குப் பஸ் ஏறினேன்.