அஞ்சலகத்தில் விட்டுப்போன புள்ளிகள்

கணிதத்தைப் பற்றி எழுத எனக்குத் தகுதி இல்லை. எஸ்.எஸ்.எல்.சி.யில் கணக்கில் நாற்பத்தொரு மார்க் வாங்கித் தேறியவன் நான். நான் வேலை பார்த்த பல்கலைக்கழகக் கணிதத் துறையில் இப்போது ஆராய்ச்சி செய்கிற பிள்ளைகள், "சார், உங்க பழைய அனுபவம் ஏதாவது எழுதிக் குடுங்க" என்று இரண்டு தடவை கேட்டார்கள். முதல் தடவை சிரித்துவிட்டு நகர்ந்துவிட்டேன். இரண்டாம் தடவை நாலு பேர் சேர்ந்து வந்தார்கள். நாலு பேரிடம் நின்று மறுப்பதைவிட எழுதிக் கொடுப்பது எனக்குச் சுலபம். இதில் பிழை இருந்தால் படித்தவர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும். பெயர்களை மாற்றியிருக்கிறேன்.

1. வேலை

எழுபதுகளின் தொடக்கத்தில் எனக்கு இருபத்தொரு வயது. மந்தைவெளியில் வீடு. அப்பா அச்சகத்தில் எழுத்துக் கோர்க்கிற கம்பாசிட்டராக இருந்து, பார்வை மங்கியதால் வேலையை விட்டிருந்தார். தெரிந்தவர் ஒருவர் சொல்லி, கணிதத் துறையில் ஒரு பிராஜெக்டில் 'ஃபீல்டு அசிஸ்டெண்ட், டெம்பரரி' என்று சேர்ந்தேன். வேலை திருப்தியாக இருந்தால் ஆறு மாதத்தில் பர்மனென்ட் ஆக்குவோம் என்றார்கள். வீட்டில் எல்லோரும் அந்த ஆறு மாதத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

பிராஜெக்டின் பெயர் ஸ்டோகாஸ்டிக் பாயிண்ட் பிராசஸ். முதல் நாள் அதை என்னால் சொல்லவே முடியவில்லை. ஆராய்ச்சி மாணவி விசாலம் மேடம்தான் விளக்கினார். மயிலாப்பூர்க்காரர். என்னைவிட நாலைந்து வயது மூத்தவர்.

"ஏதோ ஒண்ணு நடக்கறது. என்ன நடந்தது, யாருக்கு நடந்தது, அதெல்லாம் நமக்கு வேண்டாம். எப்ப நடந்ததுங்கறது மட்டும் போதும். ஒரு கோடு போட்டு, நடந்த நேரத்துல ஒரு புள்ளி வெச்சுடுங்கோ. டெலிபோன் மணி அடிச்சா புள்ளி. பூகம்பம் வந்தா புள்ளி. மூளையில ஒரு நரம்பு துடிச்சா புள்ளி. எல்லாத்துக்கும் கணக்கு ஒண்ணுதான்."

"சரிங்க மேடம்" என்றேன்.

"புரிஞ்சுதா?"

"இல்லீங்க மேடம்."

அவர் சிரிக்கவில்லை. ஒரு தாளை எடுத்தார். "கோலத்துக்கு வெச்ச புள்ளி மாதிரி சமமா விழுந்துண்டே போனா, அதுல ஆராய்ச்சி பண்ண ஒண்ணும் இல்லை. தன்னால நடக்கறது அப்படி விழாது. இங்க நாலு சேர்ந்து விழும், அப்பறம் கொஞ்ச நாழி ஒண்ணுமே இருக்காது. அந்தக் கொத்து எப்படி உண்டாறதுன்னுதான் என் தீஸிஸ்."

கொத்துக்கு அவர் தேர்ந்தெடுத்த இடம் அடையாறில் ஒரு சிறிய போஸ்ட் ஆபீஸ். எதிரே பஸ் ஸ்டாப், பக்கத்தில் பெண்கள் கல்லூரியின் விடுதி. ஆட்கள் தனியாகவும் வருவார்கள், கூட்டமாகவும் வருவார்கள். காலை பத்து முதல் மாலை நாலரை வரை உள்ளே நுழைகிற ஒவ்வொருவரின் நேரத்தையும் லெட்ஜரில் குறிக்க வேண்டும். மணி, நிமிடம், செகண்டு என்று மூன்று பத்தி. மூன்று பேர் சேர்ந்து நுழைந்தால் ஒரே நேரத்தை மூன்று வரியில் எழுத வேண்டும். செகண்டு முள் உள்ள மேஜைக் கடிகாரம் ஒன்றும் கொடுத்தார்கள்.

2. பீரோவுக்குப் பின்னால்

எண்ணுவது தெரிந்தால் ஜனங்கள் தயங்குவார்கள், வேடிக்கை பார்ப்பார்கள். அதனால் என் நாற்காலியை ஓர் இரும்பு பீரோவுக்கும் சுவருக்கும் நடுவில் போட்டார்கள். ஒரு கையளவு இடைவெளி வழியாக வாசல் தெரியும். வாசலில் இருப்பவர்களுக்கு என்னைச் சட்டென்று தெரியாது.

எனக்கு அது பிடித்த இடமாகவே இருந்தது. புது மனிதர்களிடம் பேசவேண்டி வந்தால் அப்போதெல்லாம் எனக்கு நாக்கு ஒட்டிக்கொள்ளும். அங்கே பேச வேண்டியதில்லை.

பேசியவர் ஒருவர்தான். முனுசாமி. தபால் பைகளைக் கட்டி அரக்கு வைக்கிற பேக்கர். ஊரூர்க் குப்பத்துக்காரர்.

"இன்னா நைனா, காலைல இருந்து குந்திக்கினு இன்னாத்த எழுதிக்கினு கீற?"

"யார் எப்ப வராங்கன்னு குறிக்கிறேன்."

"வர்றவன் பேரு?"

"பேர் வேணாம். நேரம் மட்டும்தான்."

"இதுக்குச் சம்பளம் வேற தராங்களா? நம்ம கடற்கரைக்கு வா நைனா, எத்தினி அலை வருதுன்னு எண்ணு. இன்னும் ஜாஸ்தி தருவாங்க."

முதல் வாரம் ஒழுங்காகப் போயிற்று. இரண்டாவது வாரம் ஒரு மாலை மூன்றே முக்கால் வாக்கில் விடுதிப் பெண்கள் ஆறேழு பேர் நுழைந்தார்கள். நான் வாய்க்குள் எண்ணிக்கொண்டிருந்தேன். அதில் ஒருத்தி நின்றுவிட்டாள்.

"ஏய், அந்த பீரோவுக்குப் பின்னாடி ஒரு ஆளு நம்மளையே பாக்கறான்டி."

"பாக்கறது மட்டுமா? வாய் அசையுது பாரு. எண்றான்!"

"உன்னை எத்தனைன்னு எண்ணினானாம்? உன் உடம்புக்கு ரெண்டு ஆளுன்னா?"

எல்லோரும் சிரித்தார்கள். அவர்கள் போனபின் முனுசாமி பீரோவைத் தட்டினார். "கில்லாடி நைனா நீ. நேரம் மட்டும்தான்னு என்னாண்ட கதை வுட்டியே."

அவர் விளையாட்டாகத்தான் சொன்னார். எனக்குக் காது இரண்டும் சுட்டது. 

அடுத்த நாளிலிருந்து ஒரு பழக்கம் வந்துவிட்டது. பெண்கள் குரல் சேர்ந்து கேட்டால் தலையைக் குனிந்துகொள்வேன். அவர்கள் கவுண்ட்டருக்குப் போய்ச் சேரும்வரை நிமிரமாட்டேன். பிறகு எத்தனை பேர் என்று பார்த்து எழுதியிருக்கலாம். அதற்கும் பார்க்க வேண்டுமே. விட்டுவிடுவேன். ஒரு நாளைக்கு முந்நூறு பேர் வருகிற இடத்தில் பத்துப் பன்னிரண்டு பேர் குறைந்தால் கணிதம் ஒன்றும் இடிந்து விழாது என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

3. காலி இடம்

நாலு வாரம் முடிந்தது. இருபத்துநாலு நாள் லெட்ஜர். விசாலம் மேடம் கிராஃப் தாள்களை நீளமாக ஒட்டி, ஒவ்வொரு வரியையும் அன்றன்றைக்கே புள்ளியாக வைத்துக்கொண்டு வந்திருந்தார். டில்லியில் ஒரு கருத்தரங்கு. அதற்குக் கட்டுரை அனுப்பப் பத்து நாள்தான் இருந்தது. கட்டுரை அங்கே ஏற்கப்பட்டால் தீஸிஸ் அந்த வருஷமே முடிந்துவிடும் என்று துறையில் பேசிக்கொண்டார்கள்.

கடைசி நாளுக்கு மறுநாள் காலை, பிராஜெக்டை நடத்துகிற பேராசிரியரின் அறைக்கு என்னைக் கூப்பிட்டார்கள். மேஜைமேல் என் லெட்ஜர் திறந்திருந்தது. பக்கத்தில் விசாலம் மேடம் நின்றிருந்தார்.

"ஏகாம்பரம், நேத்திக்கு சாயங்காலம் என் தங்கையோடயும் அவ சிநேகிதியோடயும் நானே போஸ்ட் ஆபீஸ் வந்தேன். கடியாரத்தைப் பாத்துண்டேதான் உள்ள நுழைஞ்சேன். மூணு நாப்பத்தேழு. இதுல நான் எங்க இருக்கேன்?"

மூன்று நாற்பத்தொன்றுக்கு ஒரு வரி இருந்தது. அடுத்த வரி மூன்று ஐம்பத்தெட்டு. நடுவில் ஒன்றும் இல்லை. விடுதிப் பெண்கள் கூட்டம் கூட்டமாக வருகிற நேரம் அது.

"ரெண்டாவது வாரத்துலேர்ந்து மத்த நாள்லயும் அந்த நேரத்துல காலியாத்தான் இருக்கு" என்றார்.

பேராசிரியர் கண்ணாடியைக் கழற்றினார். "என்னய்யா, மூணே முக்காலுக்கு எங்க போற? டீ குடிக்கவா?"

அந்தக் கேள்வியிலேயே ஒரு வழி இருந்தது. நான் அதில் நுழைந்துகொண்டேன்.

"ஆமாம் சார்."

"தினமுமா?"

"ஆமாம் சார்."

"சொல்லிட்டுப் போனா என்னய்யா? இந்தப் பொண்ணு நாலு வாரமா உன்னை நம்பி உக்காந்திருக்கு. இந்த மாசத்தோட நின்னுக்க. வேற ஆள் பாத்துக்கறோம்."

வெளியே வந்தேன். வேலை போனது அப்போது பெரிதாகத் தெரியவில்லை. பெண்களைப் பார்க்கக் கூச்சப்பட்டுத் தலை குனிந்துகொண்டேன் என்று அந்த இரண்டு பேர் முன்னால் சொல்லாமல் தப்பித்தது மட்டும்தான் தெரிந்தது. டீ குடிக்கப் போகிறவன் சோம்பேறி. அது எல்லோருக்கும் புரிகிற குற்றம்.

4. சிவப்புப் பென்சில்

அன்று மத்தியானம் லெட்ஜர் ஒன்றைத் திருப்பிக் கொடுக்க மேடத்தின் அறைக்குப் போனேன். அவர் தரையில் உட்கார்ந்து, கிராஃப் தாளில் இரண்டாவது வாரத்திலிருந்து ஒவ்வொரு நாளிலும் மூன்று நாற்பதிலிருந்து நாலு மணிவரை சிவப்புப் பென்சிலால் கட்டம் போட்டுக்கொண்டிருந்தார்.

"இந்த இருபது நிமிஷத்தைப் பாக்கலைன்னு எழுதிட்டா போறும். மத்ததெல்லாம் சரியா இருக்கு. கட்டுரையை அனுப்பிடலாம்" என்றார். என்மேல் கோபம் இருந்ததாகத் தெரியவில்லை. களைப்பு இருந்தது.

பதினோரு மணிவாக்கில் பக்கத்துக் காலனிப் பெண்கள் சேர்ந்து வருவார்கள். பஸ்ஸிலிருந்து ஆசிரியைகள் இறங்கி வருவார்கள். அப்போதெல்லாம் நான் குனிந்துதான் இருந்தேன். கட்டம் போடாத அந்த இடங்களில் புள்ளிகள் குறைந்திருப்பது எனக்கு மட்டும்தான் தெரியும். அதை வைத்து அவர் கட்டுரை எழுதப்போகிறார்.

பத்துக் கட்டம் போடும்வரை நின்றேன்.

"மேடம், அதை மட்டும் அடிச்சாப் போதாது."

"ஏன்?"

"நான் டீ குடிக்கப் போகலை. அங்கேயேதான் இருந்தேன்."

அவர் பென்சிலைக் கீழே வைத்தார். நான் சுவரைப் பார்த்துக்கொண்டே எல்லாவற்றையும் சொன்னேன். பெண்கள் சிரித்தது, முனுசாமி சொன்னது, குனிந்துகொள்வது, எல்லாம். சொல்லி முடிக்க இரண்டு நிமிடம்கூட ஆகியிருக்காது. அவ்வளவு நீளமாக அதற்கு முன் நான் யாரிடமும் பேசியதில்லை.

"நானும் என் தங்கையும் வந்தப்போ?"

"குரல் கேட்டுச்சு. குனிஞ்சுட்டேன்."

"ஒருத்தி மட்டும் தனியா வந்தா?"

"எழுதிடுவேன். ரெண்டு பேரா பேசிக்கிட்டு வந்தாத்தான்."

"ஆம்பளைகள் கூட்டமா வந்தா?"

"அவங்களை விட்டதில்லை."

 அவர் அடுத்துப் பேசியது கணிதம்தான்.

"பிசிக்ஸ் லேப்ல கதிரியக்கத்தை எண்ற கவுண்ட்டர் இருக்கு. ஒரு துகளை எண்ணினதும் அதுக்குக் கொஞ்சம் நேரம் கண் தெரியாது. டெட் டைம்னு பேரு. அந்த நேரத்துல வர்றது விட்டுப்போயிடும். ஆனா அதுக்குக் கணக்கு உண்டு. எது வந்தாலும் அது ஒரே அளவுதான் குருடாகும். அதனால திருத்திடலாம். நீங்க அப்படி இல்லையே. என்ன வர்றதுன்னு தெரிஞ்சுண்டுதானே கண்ணை மூடறேள். நான் தேடறது கொத்து. நீங்க மூடறதும் கொத்துக்குத்தான். இதை என்னால திருத்த முடியாது."

"மத்ததெல்லாம்?"

"எல்லாம் போச்சு. முதல் வாரத்தை மட்டும் வெச்சுண்டு ஒண்ணும் சொல்ல முடியாது."

டில்லிக் கட்டுரை போகாது என்று அவர் சொல்லவில்லை. சிவப்புப் பென்சிலை டப்பாவில் போட்டு மூடியதில் அது தெரிந்தது.

5. யாரை வைத்துக்கொள்வது

மறுபடி பேராசிரியர் அறை. மேடம் விஷயத்தைச் சொன்னார். கேட்டுவிட்டுப் பேராசிரியர் என்னை ஏற இறங்கப் பார்த்தார்.

"டீ குடிக்கப் போனேன்னு ஏன்யா பொய் சொன்ன? பொய் சொன்னவனை எப்படி வெச்சுக்கறது?"



"சார், எப்படியும் முதல்லேர்ந்து எண்ணித்தான் ஆகணும்" என்றார் மேடம். "இவரையே வெச்சுக்கலாம்."

"கரிசனத்துக்கு ஆராய்ச்சியில இடம் இல்லம்மா."

"கரிசனம் இல்லை சார். புதுசா வர்றவர் எதைப் பாக்காம விடுவார்னு எனக்குத் தெரியாது. விட்டார்னுகூடத் தெரியாது. இவர் எதை விடுவார்னு இப்ப தெரியும்."

பேராசிரியர் ஜன்னல் பக்கம் திரும்பினார். கோபமா சிரிப்பா என்று எனக்குத் தெரியவில்லை. "பீரோவுக்குப் பின்னால உக்கார வெச்சது யாரு? நம்மதானே?" என்றார். "வாசலுக்கு எதிரே மேஜை போடுங்க. எல்லாரும் இவனைப் பாக்கட்டும். வேடிக்கை பாக்கறவங்க ஒரு வாரம் பாத்துட்டு நிறுத்திடுவாங்க. அந்த ஒரு வாரத்தைக் கணக்குல சேக்க வேண்டாம். பர்மனென்ட் விஷயம் ஆறு மாசம் தள்ளிப்போகும். சம்மதமா?"

சம்மதம் என்றேன். 

விசாலம் மேடம் தீஸிஸ் முடிக்க இன்னும் ஒன்றேகால் வருஷம் ஆயிற்று. அதில் ஒரு அத்தியாயம், எண்ணுகிறவர் கண்ணுக்கு எந்தப் புள்ளி தப்பும் என்பதைப் பற்றியது. என் பெயர் அதில் இல்லை. நான்தான் வேண்டாம் என்று கேட்டுக்கொண்டேன். பின்னால் டெலிபோன் எக்ஸ்சேஞ்ச், பாலத்தில் வண்டிகள் என்று பல இடங்களில் எண்ணியிருக்கிறேன். தாளைப் பார்க்காமல் எழுதவும் பழகிக்கொண்டேன்.

இளையவர்களுக்கு நான் சொல்லக்கூடியது ஒன்றுதான். பார்க்காததைப் பார்க்கவில்லை என்று எழுதுங்கள். ஏன் பார்க்கவில்லை என்ற காரணம் எவ்வளவு வெட்கமாக இருந்தாலும் அதையும் எழுதுங்கள். காலி இடத்தைக் கணிதம் தாங்கிக்கொள்ளும். ஆள் இல்லாததால் காலியா, ஆள் இருந்தும் காலியா என்பது தெரியாமல் போனால்தான் அதனால் தாங்கமுடியாது.

பேராசிரியரிடம் சம்மதம் சொன்ன மறுநாளே வாசலுக்கு எதிரே உட்கார்ந்தேன். காலையிலிருந்து மழை. நாலரை மணிவரை மொத்தம் முப்பத்தெட்டு பேர் வந்தார்கள், அதில் பத்தொன்பது பேர் பெண்கள். எல்லோரையும் எழுதினேன்.