கலிபோர்னியாக்காரருக்கு ஒரு கல்வெட்டு

மொன்ட்ரியாலில் யாழ்ப்பாணத்தார் யார் செத்தாலும் முதலில் பிரேதத்தைப் பொறுப்பெடுக்கும் மலர்ச்சாலைக்கு அழைப்பார்கள், அடுத்து எனக்கு. முப்பத்தோராம் நாள் சடங்கில் கொடுக்கும் நினைவுப் புத்தகத்தை நாங்கள் கல்வெட்டு என்போம். அதை எழுதுவதில் எனக்குக் கொஞ்சம் பெயர் உண்டு. அயலவருக்கு ஒரு தேசிக்காய் கொடுக்காதவரையும் வள்ளலாக்கியிருக்கிறேன். செத்தவர் யாரும் இதுவரை முறைப்பாடு செய்யவில்லை.

இந்தக் கைப்பழக்கம்தான் என்னைக் கவிழ்க்கப் பார்த்தது. ஊரில் சண்டையால் பாதியில் நின்ற படிப்பை அறுபத்திரண்டு வயதில் முடிக்க ஆசைப்பட்டேன். புவாண்ட்-கிளேர் பண்டகசாலையில் பெட்டி அடுக்கிக்கொண்டே பல்கலைக்கழகத்தில் ஒவ்வொரு பாடமாகத் தேறினேன். மிஞ்சியது ஒரே ஒரு வரலாற்றுக் கட்டுரை. அதில் தேறினால் பட்டம். இல்லாவிட்டால் மறுபடி தொடங்க எனக்குத் தெம்பில்லை.

எனக்கு விழுந்த தலைப்பு, பத்தொன்பதாம் நூற்றாண்டு அரசியல்வாதி ஒருவரின் வாழ்க்கை. கலிபோர்னியா மெக்சிக்கோவின் கையில் இருந்தபோதே அங்கே வாழ்ந்த ஸ்பானிய மொழிக்காரர். அமெரிக்கர் வந்து ஊரைப் பிடித்ததும், புதுக் கொடிக்குச் சத்தியம் செய்து அவர்களுடைய சட்டசபையிலேயே போய் உட்கார்ந்துவிட்டார். ஆங்கிலம் வராது, பக்கத்தில் மொழிபெயர்ப்பாளர். பிறகு தன் காணி தன்னுடையதுதான் என்று நிரூபிக்க வழக்காடி வழக்காடியே காணியை வழக்கறிஞர்களிடம் விட்டார். காணி உறுதி, எல்லை, வழக்கு. இவரைப் போல நாலு பேர் என் சொந்தத்திலேயே இருக்கிறார்கள்.

உருகி எழுதினேன். சீரோடும் சிறப்போடும் பிறக்க வைத்தேன். கடைசியில் பிள்ளைகள், மருமக்கள், பேரப்பிள்ளைகள் எல்லாரையும் வரிசையாகக் கலங்கி நிற்க வைத்தேன். என் மகளின் வயதுள்ள பேராசிரியை அதைத் திருப்பித் தந்தார். இவர் மனிதரா, சிலையா என்று ஓரத்தில் எழுதியிருந்தார். இவருடைய மாடுகளை யார் மேய்த்தார்கள் என்றும் கேட்டிருந்தார். திருத்தி எழுத ஒரு கிழமை தவணை.

எனக்குப் பொல்லாத கோபம். நோத்ர-டாம்-த-கிரேஸ் வீட்டுக் குசினி மேசையில் உட்கார்ந்து, கூலி என்ற பெயரில் சாராயத்தை வாங்கிக்கொண்டு அவருடைய மாட்டை மேய்த்த பழங்குடி மக்களைப் பற்றி எழுதத் தொடங்கினேன். எழுத எழுதக் கோபம் எங்கோ போய்விட்டது. பேனா தானாக ஓடியது. இவ்வளவு சுலபமாக ஏன் வருகிறது என்று அப்போது யோசிக்கவில்லை.

அடுத்த கிழமை பேராசிரியை ஒரே ஒரு வரியை வட்டமிட்டு வைத்திருந்தார். 'வேலையாட்களைக் கிணற்றடிக்கு விடாமல், தள்ளி நிற்க வைத்துச் சிரட்டையில் தண்ணீர் வார்த்தார்.' மற்றதெல்லாம் நன்று, இதற்கு ஆதாரம் எங்கே, அந்தக் காலத்தில் அந்தப் பக்கம் தென்னை ஏது என்று கேட்டார்.

நான் அந்த வரியையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

"அது எங்கட வீட்டுக் கிணறு."

தமிழில்தான் வந்தது. அவருக்கு விளங்கவில்லை. தவறுதலாக நுழைந்துவிட்டது என்று ஆங்கிலத்தில் சொல்லி வரியை வெட்டினேன். தேறிவிட்டேன்.

வீட்டில் மனைவி கேசரி கிண்டினாள். நான் அலுமாரியிலிருந்து அப்பாவின் கல்வெட்டை எடுத்தேன். அட்டையில் மாலையோடு அப்பா. எழுதியவன் நான். மூன்றாம் பக்கத்தில், 'வாசலுக்கு வந்த எவரையும் தாகத்தோடு அனுப்பாத வள்ளல்' என்று அச்சாகியிருந்தது. வெட்கமாக இருந்தது. பேனாவை எடுத்து அதற்குக் கீழே எழுதினேன்:

'சிலருக்குச் சிரட்டையில்.'