நாகலெட்சுமியின் வயதில் ஓடியவள்

வட்டவளையில் வருசத்துக்குப் பதின்மூன்று மாதம் மழை பெய்யும். அந்தக் குளிர் தாங்காமல் அட்டைகள்கூட ஆள் காலில் ஏறி உட்கார்ந்து சூடு காயும். ஆனால் ஜீவராணியின் காலை மட்டும் எந்த அட்டையும் தொட்டதில்லை. தொடுவதற்கு அவள் நேரம் கொடுத்தால்தானே?

ரயிலோடு போட்டி போடுவாள் அவள். கொழும்பிலிருந்து ஏறி வருகிற ரயில் வட்டவளையில் நின்று மூச்சு வாங்கும். அது கிளம்பியதும் இவள் தேயிலைக்குள் விழுந்து குறுக்குப் பாதையில் ஓடுவாள். மேலே ரொசல்ல ஸ்டேசன் வாங்குப் பலகையில் உட்கார்ந்து, ஒரு வடையைத் தின்று, கையையும் கழுவிய பிறகுதான் வளைவில் இஞ்சின் மூக்கை நீட்டும். வடை கொஞ்சம் மிகையாக இருக்கலாம். ரயிலை முந்தியது சத்தியம்.

அப்பன் வீரய்யா தோட்டத்தில் தேயிலைச் செடியைக் கவ்வாத்து வெட்டுகிறவர். அம்மா மாரியாயி கொழுந்து எடுக்கிறவள். பிள்ளை வீட்டில் ஜீவராணி, பள்ளிக்கூடத்தில் பேர் கூப்பிடுகிற இடாப்பில் நாகலெட்சுமி. தோட்டத்து ஆட்கள் வரிசையாகக் குடியிருக்கிற லயத்தில் இது ஒரு விசயமே இல்லை. வீட்டுக்கு ஒரு பேர், காகிதத்துக்கு ஒரு பேர் என்று ஆளுக்கு இரண்டு பேர் அங்கே வழக்கம். பக்கத்து வீட்டுச் சிவசாமி காகிதத்தில் சிவசாமி இல்லை. ஆஸ்பத்திரியில் அவருடைய காகிதப் பேரைச் சொல்லிக் கத்திக் கத்திக் கூப்பிட்டபோது, "யாருய்யா அந்த மனுசன், வந்து தொலைய மாட்டேங்கிறான்" என்று அரை மணி நேரம் தன்னைத்தானே திட்டிக்கொண்டிருந்தவர் அவர். ஆகவே ஜீவராணியும் தனக்கு இரண்டு பேர் இருப்பதைப் பற்றி ஒருநாளும் கேட்டதில்லை.

காகிதப்படி வகுப்பிலேயே வயதில் மூத்தவள். ஆனால் வரிசையில் நிறுத்தினால் முதல் ஆள், அத்தனை குள்ளம். "எட்டு வயசுப் புள்ளையா இது?" என்று தோட்டத்து நர்ஸ் அம்மா தலையில் அடித்துக்கொண்டு சத்துமாவை இரட்டைப் பங்காகக் கொடுப்பார். அந்த மாவுதான் காலில் ஏறி ஓடுகிறது என்று லயத்தில் பேசிக்கொண்டார்கள்.

ஓடினாள், ஆனால் ஜெயிக்கவில்லை. அவளுடைய வயதுப் பிரிவில் நிற்கிற பிள்ளைகள் எல்லாம் அவளைவிட ஒரு தலை உயரம். கோட்டமட்டத்தில் நான்காவது, வலயத்தில் ஐந்தாவது, ஒரே ஒருமுறை மூன்றாவது. விளையாட்டு ஆசிரியர் கஜேந்திரன் நல்ல மனுசன். அவரே ஒருநாள் சொல்லிவிட்டார்: "கெட்டிக்காரிதான் பிள்ள. ஆனா உன் வயசுக்கு இது காணாது." அந்த வார்த்தை அவளுக்குள் முள்ளாக ஏறி இருந்தது. சமதரையில் தோற்றாலும் ஏற்றம் வந்தால் மட்டும் யாராலும் அவளைப் பிடிக்க முடியாது. ஆனால் பள்ளிக்கூட மைதானத்தில் ஏற்றத்துக்கு எங்கே போவது?

இரண்டாயிரத்து இருபத்து மூன்றில் அந்த ஏற்றம் வந்தது. இத்தாலியில் ஒரு மலையோட்டப் போட்டி. அந்த வருசக் கடைசியிலும் இருபது வயது நிறையாத பெண் பிள்ளைகள் இரண்டு பேரை அனுப்பினால், கூட்டிப்போய்க் கூட்டிவரும் செலவு போட்டி நடத்துகிறவர்களுடையது. தெரிவு ஓட்டம் கினிகத்தேனைக்கு மேலே, ஆறு கிலோமீட்டர் ஏற்றம். ஆள் சேர வேண்டும் என்பதற்காகப் பெரிய பெண்களையும் சேர்த்து ஓடவிட்டார்கள். முதலாவதாக வந்துவிட்டால் வயதை யாரும் கண்டுகொள்ள மாட்டார்கள் என்று ஜீவராணி நம்பினாள். கஜேந்திரன் சேர் தன் போனில் இத்தாலி மலையைக் காட்டினார். போன வருசம் ஜெயித்த கியாரா என்கிற இத்தாலிக்காரப் பிள்ளை குதிரைவால் ஆட ஏறிக்கொண்டிருந்தது.

"இதையா சேர் மலைங்கிறாங்க?" என்றாள் ஜீவராணி. "எங்கம்மா கூடையோட ஏறிருவாங்களே."

தெரிவு ஓட்டத்தில் அவள் முதலாவது. இரண்டாவதாக வந்தவளைத் தேடி ஆள் அனுப்ப வேண்டியிருந்தது என்று சொன்னால் நம்ப மாட்டீர்கள். ஆனால் முடிவில் நின்றவர்கள் கடிகாரத்தைத் தட்டித் தட்டிப் பார்த்தது நிஜம். பிறகு ஒருவர் பட்டியலைப் பார்த்தார். நாகலெட்சுமி, பிறந்த வருசம் இரண்டாயிரத்து இரண்டு. "நங்கி, உனக்கு இருபத்தொரு வயசு" என்றார், தங்கச்சியிடம் பேசுவதுபோலச் சிங்களத்தில், பாவமாக. இரண்டாவதாகவும் மூன்றாவதாகவும் வந்த பிள்ளைகளின் பேரை எழுதிக்கொண்டார்கள்.

வீட்டுக்கு வந்து அடுப்படியில் விழுந்து அழுதாள். மாரியாயி ரொட்டியைப் புரட்டிக்கொண்டே கேட்டாள்.

"என்னாடி சொல்லித் தொலைச்சாங்க?"

"இருபத்தொரு வயசாம். ஏலாதாம்."

"ஒனக்கு எங்கடி இருபத்தொண்ணு? இந்த ஆவணிக்குத்தானே பத்தொன்பது..." என்றவள் சட்டென்று வாயைப் பொத்திக்கொண்டாள். ரொட்டி கருகியது. வாசலில் கத்தி தீட்டிக்கொண்டிருந்த வீரய்யாவின் கை நின்றது.

பிறகு அவர்தான் மகளிடம் சொன்னார், கத்தியைப் பார்த்துக்கொண்டே. நாகலெட்சுமி என்பது மூத்த பிள்ளை. பதிவு பண்ணி, பிறப்புப் பத்திரம் எடுத்து, நாற்பது நாளில் காய்ச்சலில் போய்விட்டது. பிறப்பைப் பதிந்தவர்கள் இறப்பைப் பதியவில்லை. இரண்டு வருசம் கழித்துச் சின்னவள் பிறந்தபோது மண்சரிந்து பாதை அடைபட்டுக் கிடந்தது. பிறகு போகலாம், பிறகு போகலாம் என்று பள்ளிக்கூடம் சேர்க்கிற நாளும் வந்துவிட்டது.

"பத்திரம் கேட்டாங்க ஆயி. பேர் ஒண்ணு சும்மா கெடந்துச்சி. புள்ள ஒண்ணு பேரில்லாம நின்னுச்சி. ரெண்டையும் சேத்து விட்டேன்."

ஜீவராணி கண்ணைத் துடைத்தாள். "அப்ப இத்தன வருசமா நான் யார்கூடப்பா ஓடுனேன்?"

"ரெண்டு வயசு பெரிய புள்ளைங்ககூட."

அவள் விரலை மடக்கி எண்ண ஆரம்பித்தாள். நான்காவது, ஐந்தாவது, மூன்றாவது. எண்ண எண்ண முகம் மலர்ந்தது. அன்றைக்கு ஒருநாள்தான் அது மலர்ந்தது.

மறுநாளே கஜேந்திரன் சேரைக் கூட்டிக்கொண்டு பதிவு அலுவலகத்துக்குப் போனாள். ஏப்ரல் முடிவதற்குள் சரியான பத்திரம் கொடுத்தால் இத்தாலி என்று தெரிவு நடத்தியவர்கள் சேரிடம் சொல்லியிருந்தார்கள். அங்கே இருந்த அம்மா சிங்களத்தில் பொறுமையாகச் சொன்னார்: ஜீவராணி பிறக்க வேண்டும் என்றால் முதலில் நாகலெட்சுமி இறக்க வேண்டும். பெற்றவள் வந்து சத்தியக் கடதாசியில் கையெழுத்துப் போட வேண்டும்.

மாரியாயி மாட்டேன் என்றுவிட்டாள்.

"இடாப்புல கூப்புடறப்ப எம்மூத்தவளயும் சேத்துத்தான் கூப்புடறாங்கன்னு நெனச்சிக்குவேன். ஒருவாட்டி பொதச்சிட்டேன். மறுபடி என்னால ஆகாது."

மூன்று நாள் போனது. ஜீவராணி கெஞ்சவில்லை, கோபிக்கவுமில்லை. விடியக்காலையில் எழுந்து ஏற்றத்தில் ஓடிவிட்டு வந்து, தேத்தண்ணி ஊற்றி அம்மாவின் பக்கத்தில் வைத்துவிட்டுப் போனாள். நான்காம் நாள் மாரியாயி திருவிழாச் சேலையைக் கட்டிக்கொண்டு, "வா, போவோம்" என்றாள்.

பிள்ளை இறந்தது எத்தனையாம் தேதி என்று அலுவலகத்தில் கேட்டார்கள்.

"தேதி தெரியாதுங்க. பொதச்ச மறுநாள் காலையில பேர் கூப்புடற பெரட்டுக்கு லேட்டாப் போனேன். அரப்பேர்தான் போட்டாங்க, அரநாள் சம்பளம். தோட்டத்து செக்ரோல் புஸ்தகத்துல பாத்தா இருக்கும்."

எழுதிக்கொண்டிருந்த அந்த அம்மாவின் பேனா கொஞ்சம் நின்று, பிறகு ஓடியது. புதைத்த இடம்? எட்டாம் நம்பர் மலை. இப்போது அங்கே தேயிலை. அந்தக் குழிமேல் நிற்கிற ஒரு செடியில் மாரியாயி இத்தனை வருசமும் கொழுந்து கிள்ளியதில்லை என்பது அதுவரை கங்காணிக்குக்கூடத் தெரியாது.

கையெழுத்துப் போட்டாயிற்று. இனி விசாரணை. பழைய செக்ரோல் கரையான் தின்றிருந்தது. பிரசவம் பார்த்த மருத்துவிச்சி பூண்டுலோயாப் பக்கம் போய்ச் செத்துப்போயிருந்தாள். ஏப்ரல் போனது. ஜூனில் மற்ற இரண்டு பிள்ளைகளும் விமானம் ஏறினார்கள். போட்டி முடிந்த அன்றைக்குக் கஜேந்திரன் சேர் போனைத் தயங்கித் தயங்கி நீட்டினார். மறுபடியும் கியாராதான் முதலாவது. மாலையும் மெடலுமாகச் சிரித்தாள். பின்னால் அந்தச் சின்ன மலை.

"அடுத்த வருசம் போவலாமில்ல?" என்றார் வீரய்யா.

"அடுத்த வருசம் எனக்கு இருபதுப்பா."

விசாரணை முடியும் வரை எந்தப் பேரிலும் ஓட முடியாது. காத்திருந்த மாதங்களில் கூடையை மாட்டிக்கொண்டு அம்மாவோடு மலைக்குப் போனாள். கையில் இருந்த பத்திரம் பழையதுதான் என்பதால் தோட்டத்தில் நாகலெட்சுமி என்றே பேர் பதிந்தார்கள். சனவரியில்தான் புதுப் பத்திரம் வந்தது. ஜீவராணி, பிறந்த வருசம் இரண்டாயிரத்து நான்கு. இருபது வயதுக்குக் குறைந்தவர்களின் பட்டியலுக்கு வெளியே நிற்கும்படி, கணக்காக அந்த மாதத்தில் வந்தது. பெரிய பெண்களுக்கான ஓட்டங்களுக்குப் பழைய சான்றிதழ்களைக் கேட்டார்கள். எல்லாம் நாகலெட்சுமியின் பேரில். கஜேந்திரன் சேர் தலையைச் சொறிந்தார்.

"காகிதப்படி பாத்தா ஜீவராணின்னு ஒரு பிள்ளை இதுவரைக்கும் எங்கேயுமே ஓடல."

அன்றைக்குச் சாயந்திரம் அவள் ஸ்டேசனுக்குப் போனாள். ரயில் கிளம்பியது. இவளும் கிளம்பினாள். எட்டு மாதம் கூடை சுமந்த முதுகு, ஓட்டம் மறந்த கால். ரொசல்லவுக்குப் போய்ச் சேர்ந்தபோது தண்டவாளம் வெறிச்சென்று கிடந்தது. கெண்டைக்காலில் ஏதோ குறுகுறுத்தது. குனிந்து பார்த்தாள். அட்டை.

மறுநாள் பெரட்டு. புதுப் பத்திரத்தைப் பொலித்தீனில் சுற்றி இடுப்பில் சொருகியிருந்தாள், பேர் கூப்பிடுகிற கண்டாக்கு ஐயாவிடம் காட்டிப் பேரை மாற்றிவிடலாம் என்று. மழை தூறியது. மாரியாயி இரண்டு ஆள் தள்ளி, மழைக்குத் தலையில் போட்ட கொங்காணியை நெற்றிவரை இழுத்துவிட்டுக்கொண்டு நின்றாள்.

"நாகலெட்சுமி!" என்றார் கண்டாக்கு.

மாரியாயி மகளைப் பார்க்கவில்லை. எட்டாம் நம்பர் மலைப் பக்கம் மூடிக் கிடந்த பனியைப் பார்த்துக்கொண்டிருந்தாள். கூடைக் கயிற்றைப் பிடித்திருந்த அவளுடைய கை மட்டும் இறுகியது.

"இருக்கேங்கய்யா" என்றாள் ஜீவராணி.

கூட்டம் மலை ஏறத் தொடங்கியது. அவள் எல்லாருக்கும் பின்னால் நடந்தாள்.