ஒருதரம் கேட்டால் போதுமா

என் தம்பி மனைவி தேவகிருபை எதிலும் முந்திக்கொள்கிறவள். ஆம்பூர் ஷூ கம்பெனியில் அலுத்துக் களைத்து வந்தாலும், துக்க வீட்டில் அடுப்பு மூட்டுவதற்கு முதல் ஆள் அவள்தான். பந்தியில் இலையைக் கையால் மறைத்தால், விரல் சந்தில் சோற்றை வைத்துவிட்டுப் போவாள். முந்திரிக்கொட்டை என்று நாங்கள் கிண்டல் செய்வோம்.

அவள் மகன் ஜெஃப்ரி துபாய் ஓட்டலில் வேலை செய்கிறான். கூட வேலை செய்த பிலிப்பைன்ஸ் பெண் மாரிசெலை அங்கேயே கட்டிக்கொண்டு, போன கிறிஸ்துமஸுக்கு முதல்முறையாக அழைத்து வந்தான். வருமுன்பே போனில் அம்மாவுக்குச் சொல்லிவிட்டான்.

"அவங்க ஊர்ல ரொம்ப ஆர்வமா முந்தினா அசிங்கமா நினைப்பாங்கம்மா. நீ கொஞ்சம் அடங்கி இரு."

மருமகளுக்குத் தன்னைப் பிடிக்காமல் போய்விடுமோ என்று அவளுக்குப் பயம். அதனால் சாப்பாட்டு நேரத்தில், "இன்னும் வைக்கட்டுமா?" என்று ஒரேதரம்தான் கேட்பாள். அந்தப் பெண் கற்றுவந்த தமிழில், "வேணாம் அத்தை" என்று சிரிக்கும். உடனே கரண்டியைக் கீழே வைத்துவிடுவாள்.

பெண்ணின் முகம் நாளுக்கு நாள் வாடியது. ஒருநாள் தேவகிருபை என்னிடம் வந்து அழுதாள்.

"சீக்கிரமே கெளம்பிடலாம்னு கேக்குறாளாம் அண்ணி. சோறு புடிக்கலையா, நானே புடிக்கலையா, தெரியல."

ஞாயிற்றுக்கிழமை சர்ச்சிலிருந்து வந்ததும் பிரியாணி. நானும் கூட உட்கார்ந்திருந்தேன். மாரிசெல் தட்டில் ஒரு பருக்கை மிச்சமில்லை. "வேணாம் அத்தை" என்று வாய் சொன்னது. கண் அண்டாவில் இருந்தது.

தேவகிருபைக்கு அதற்குமேல் தாங்கவில்லை. "அடங்கி இருந்ததெல்லாம் போதும்டா!" என்று மகனைப் பார்த்துச் சொல்லிவிட்டு ஒரு கரண்டி அள்ளிப் போட்டாள்.

"வேணாம் அத்தை, வேணாம்."

கறியோடு இன்னொரு கரண்டி விழுந்தது. அந்தப் பெண் குனிந்து சாப்பிட ஆரம்பித்தாள். சாப்பிடச் சாப்பிடக் கண்ணில் தண்ணீர். ஜெஃப்ரி பதறிப்போய் இங்கிலீஷில் ஏதோ கேட்டான். அவள் சொன்னதும் தலையில் கை வைத்துக்கொண்டான்.

"அம்மா, கேட்டதுமே சரின்னு வாங்கினா அவங்க ஊர்ல பறக்காவெட்டின்னு நினைப்பாங்களாம். நீ நாலு தரம் கேப்பேன்னு காத்திருந்திருக்கா. நீ விட்டுட்டதும், தன்னை உனக்குப் புடிக்கலைன்னு நினைச்சுட்டா."

"அப்போ நீ சொன்ன அசிங்கம்?"

"அது வாங்குறவங்களுக்குத்தான். கொடுக்குறவங்களுக்கு இல்லியாம். ஓட்டல்ல அவங்கவங்களே எடுத்துப் போட்டுக்குவோம், எனக்கு இன்னா தெரியும்?"

"பச்சப் புள்ளைய பட்டினி போட வச்சியேடா பாவி!" அவன் முதுகில் ஒன்று வைத்தாள்.

மாரிசெல் எழுந்து மாமியார் கையிலிருந்த கரண்டியை வாங்கி, அவளை உட்காரவைத்துத் தட்டில் பிரியாணி போட்டாள்.

"எனக்கு வேணாம்மா, நீ சாப்பிடு" என்றாள் தேவகிருபை.

அந்தப் பெண் விடவேயில்லை.