அவள் சிரிக்கவில்லை

இன்று காலை நெமிலிச்சேரி ஸ்டேஷனில் ஒரு பெண்ணைச் சிரிக்க வைக்கப் பார்த்துத் தோற்றுப்போனேன்!

(தப்பாக நினைக்காதீர்கள், எல்லாம் தொழில்தான்.)

ஒரு நாவலுக்குத் திரைக்கதை எழுதிக்கொண்டிருக்கிறேன். ரயிலில் தினமும் ஒரு பெண்ணைப் பின்தொடர்கிறவன், அவனே சொல்லும் கதை. பொறுக்கிக்கு வக்காலத்து வாங்கும் புத்தகம் என்று பாதிப் பேர் திட்டினார்கள்.

நான் நாவலின் கட்சி. 'அவன் சொல்வதெல்லாம் நிஜமில்லை, ஒழுங்காகப் படியுங்கள்' என்று இதே முகநூல் பக்கத்தில் எத்தனை பேரிடம் மல்லுக்கட்டியிருக்கிறேன்!

இன்று மதியத்துக்குள் தயாரிப்பாளருக்குத் திரைக்கதையை அனுப்ப வேண்டியிருந்தது. அதற்கு முன் ஒரு காட்சியை நடித்துப் பார்க்கலாமே என்று எதிர்வீட்டு ரேவதியைக் கூப்பிட்டேன். அம்பத்தூர் எஸ்டேட்டில் வேலை, எட்டு வருடமாக இதே ரயில்.

("கேமரா எதுனா கீதாண்ணா?" "இல்லம்மா." "அப்ப வர்றேன்.")

"நீ பெஞ்சுல உக்காரு. நான் தூண் பக்கம் நிக்கறேன். என்னைப் பாத்ததும் லேசா சிரிக்கணும்."

பார்த்தாள். சிரிக்கவில்லை.

"இன்னாத்துக்குண்ணா சிரிக்கணும்? தெனம் பின்னாடியே வந்துகினு கீறான். எவ சிரிப்பா?"

"புக்லயே இருக்கும்மா, அவ சிரிச்சான்னு."

"அத்த யாரு சொல்றது?"

"அவன்தான்..."

"அவன் சொன்னா நீ நம்பிட்டியாண்ணா? என் பின்னாடி வந்தவனும் அப்டித்தான், 'என்னப் பாத்து சிரிச்சா'ன்னு ஊரெல்லாம் சொல்லிகினு திரிஞ்சான். நான் அவன் மூஞ்சியக்கூட பாத்ததில்ல. எங்க ஊட்ல என்னத்தான் வேலைக்குப் போவாதன்னாங்க."

எனக்கு முகம் சுண்டிப்போனது.

நாவலில் அது அவன் வாயால் வரும் பொய். நான் அதை நடந்த காட்சியாகவே எழுதி வைத்திருந்தேன். திரையில் ஒரு முறை சிரித்துவிட்டால் அவள் சிரித்தவள்தான், பிறகு யார் சொன்னாலும் எடுபடாது. இத்தனை நாள் மல்லுக்கட்டிய நானே அவனுக்குச் சாட்சி சொல்லியிருக்கிறேன்! வெட்கமாக இருந்தது.

ரேவதி வேலைக்கு ரயில் ஏறிவிட்டாள். நான் அதே பெஞ்சில் உட்கார்ந்து பன்னிரண்டு சிரிப்புகளை வெட்டினேன். (எழுதும்போது இவ்வளவு சிரிப்பு எங்கிருந்துதான் வந்ததோ!) அப்படியே அனுப்பியும் விட்டேன்.

மாலையில் தயாரிப்பாளர் போன்.

"தம்பி, ஹீரோயின் எந்த சீன்ல லவ் பண்ண ஆரம்பிக்கறா?"

"பண்ணவே இல்ல சார்."



"அப்புறம் எந்த தைரியத்துலப்பா இவன் பின்னாடி போறான்?"

"அதான் சார் கதை!"