பாண்டீஸ்வரியின் லேசுச் செடி

காலையில் எழுந்ததும் காசிமாயன் தன் முகம்கூடக் கழுவமாட்டார். முதல் தண்ணீர் செடிக்குத்தான். ஊற்றவும் மாட்டார். உள்ளங்கையில் அள்ளி, பச்சைப் பிள்ளைக்குத் தெளிப்பதுபோலத் தெளிப்பார். நாலு தெருவை ஹார்ன் அடித்தே எழுப்புகிற மனிதர் அந்தச் செடியிடம் மட்டும் தாழ்ந்த குரலில் பேசுவார்.

"இங்கேரு, எங்கிட்டக் கொஞ்சாத. வெரசா குடி. ஆள் நிக்கிது."

ஆள் என்பது ஏலக்காய்த் தோட்ட வேலைக்குப் போகும் பெண்கள். விடிவதற்குள் அவர்களைப் போடியில் தன் ஜீப்பில் ஏற்றிக்கொண்டு, மெட்டு மலைப்பாதை வளைவுகளில் ஏறி, மலையில் இறக்கிவிட்டு, சாயங்காலம் திரும்பக் கொண்டுவந்து சேர்ப்பது அவர் சோலி. ஜீப்புக்கு வருவதற்கு முன் அவரும் அதே மலையில் ஏலத்துக்குக் கவாத்து எடுத்தவர்தான். அதனால் பூமியில் முளைக்கிற எதுவும் அவர் கண்ணுக்கு ஏலச்செடியே. அடுத்த வீட்டு ரோஜாவைப் பார்த்துவிட்டு, "தட்டை எத்தன விட்டுருக்கு?" என்று கேட்டவர். தட்டை என்பது ஏலத்தின் தண்டு. ரோஜா வைத்த வீட்டம்மா இன்னும் சிரித்துக்கொண்டிருக்கிறாள்.

செடி அவருடையதல்ல, மனைவி பாண்டீஸ்வரியுடையது. பூவும் காயும் விடாத பெரணி வகை. பாவாடை ஓரத்தில் வைத்துத் தைக்கிற லேசு மாதிரி இலை இருப்பதால் அவள் அதை லேசுச் செடி என்பாள். தோட்டத்து பங்களாவில் வேலை பார்த்தபோது, அங்கே மர நிழலில் மண்டிக்கிடந்ததிலிருந்து விரல் நீளக் கிழங்கு ஒன்றைக் கேட்டு வாங்கி, ஈரத்துணியில் சுற்றி, இதே ஜீப்பில் கொண்டுவந்தாள். போடி வெயிலுக்கு ஒரு மாதம் தாங்காது என்றார்கள். அவள் கொல்லைக் கொய்யா மரத்தடியில், தண்ணீர்த் தொட்டி கசிகிற ஈரத்தில், மட்கிய சருகைப் பரப்பி அதை வைத்தாள். கிழங்கை மண்ணுக்குள் புதைக்காமல் மேலாகப் படுக்கவைத்தாள். ஏழு வருடத்தில் அது இரண்டு முழ அகலத்துக்குப் படர்ந்துவிட்டது.

பாண்டீஸ்வரி இப்போது கோயம்புத்தூரில் ஒரு வீட்டில் படுக்கையில் கிடக்கும் முதியவளைப் பார்த்துக்கொள்கிறாள். மகள் கலையரசி அங்கேதான் நர்சிங் படிக்கிறாள். படிப்பு முடிகிறவரை அம்மாவும் அங்கேதான் என்று ஏற்பாடு. இரண்டு வருடமாகிறது. பொழுது சாய்கிற நேரத்தில் வீடியோவில் வருவாள். வந்ததும் முதல் பேச்சு, "செடியக் காட்டுங்க."

"எனக்கும் ஒரு மூஞ்சி இருக்குல்ல?" என்று இவர் முறைப்பார்.

ஆனாலும் காட்டுவார். செடியோடு நிறுத்தாமல் துவைக்கிற கல், அவள் வைத்துவிட்டுப் போன சோப்பு டப்பா, கொடிக்கயிறு என்று போனை மெதுவாகச் சுற்றுவார். அவள் பார்த்துக்கொண்டே இருப்பாள். செடி ஒரு சாக்கு என்பது இருவருக்குமே தெரியும்.

அவருக்கு அவள் இல்லாமல் வீடு வீடாக இல்லை. பொங்கலுக்கு வந்தவள் கட்டி அவிழ்த்துப் போட்ட நீலப் புடவை, துவைக்காமலே பீரோவில் இருக்கிறது. அவருடைய அக்கா சுருளியம்மாள் ஒருநாள் அதைத் துவைக்க எடுத்தபோது, "அது அங்கனயே கெடக்கட்டும்க்கா" என்று பிடுங்கி உள்ளே வைத்துப் பூட்டியவர் இவர்.

வைகாசியில்தான் வம்பு வந்தது. மலையில் மழைக்கு முன்னால் நிழல் மரங்களின் கிளையைக் கழித்து, ஏலத்தில் பழுத்ததையும் நோய் கண்டதையும் உரித்துக் கவாத்து எடுப்பது வழக்கம். அந்த நினைப்பில் காசிமாயன் லேசுச் செடியின் இலையைத் திருப்பிப் பார்த்தார். அடியில் வரிசை வரிசையாகப் பழுப்புப் புள்ளி. நோவு விழுந்துவிட்டது என்று முடிவுகட்டி, புள்ளி இருந்த இலையை எல்லாம் உருவிப் போட்டார். போதாததற்கு, வெளிச்சம் படட்டும் என்று கொய்யாவையும் மொட்டையடித்தார். மலையில் கிளை கழித்தால் பின்னாலேயே மழை வரும். போடியில் வெயில்தான் வந்தது. மிச்சமிருந்த இலைகளும் நாலே நாளில் அப்பளமாகக் காய்ந்துபோயின.

அதன்பிறகு பத்து நாள் அவர் சொன்ன பொய்களுக்கு அளவில்லை. கொல்லையில் டவர் இல்லை என்றார், சார்ஜு தீரப்போகிறது என்றார். ஞாயிற்றுக்கிழமை நடுமத்தியானம், கிழவி உறங்கும் நேரமாகப் பார்த்து பாண்டீஸ்வரி கூப்பிட்டுவிட்டாள்.

"பத்து நாளா மூஞ்சிய மட்டும் காட்டுறீங்க. செடிக்கு என்னாச்சு?"

"நோவு விழுந்துருச்சு புள்ள. கவாத்து எடுத்தேன்..." புள்ளியைப் பற்றிச் சொன்னார். கொய்யாவைப் பற்றியும் சொல்லிவிட்டார்.

"அது நோவு இல்லங்க. அதுதான் அதுக்கு வெத."

இவர் போனோடு கொல்லைக்குப் போய்க் காய்ந்த செடியைக் காட்டினார். பிறகு, "கெழங்கக் காட்டுங்க" என்றாள்.

குனிந்து, சருகை விலக்கி, போனைத் தரையோடு தரையாகப் பிடித்தார். கிழங்கின் நுனியில், மரவட்டை சுருண்டு கிடப்பதுபோல ஒரே ஒரு பச்சைச் சுருள்.

"இருக்குங்க! உசுரு இருக்கு!" என்றாள். "இனிமே வெயிலு படவிட்றாதீங்க. பரீட்ச முடிஞ்சு ஆடிக்கு வந்துருவோம். நான் வர்றப்ப அது இருக்கணும்."

"இருக்கும்" என்றார்.

போனை வைத்துவிட்டுச் சுற்றிப் பார்த்தார். கோணிச்சாக்கைப் போர்த்தினால் காற்று போகாது. ஏல நாற்றங்காலுக்குக் கட்டுகிற பச்சை வலை வாங்கலாம். ஞாயிற்றுக்கிழமை கடை இல்லை. உச்சி வெயில் சுருளுக்கு நேர் மேலே நின்றது. காசிமாயன் உள்ளே போய் பீரோவைத் திறந்தார்.

நீலப் புடவையை ஒருமுறை முகத்தோடு வைத்துக்கொண்டார். பிறகு மொட்டைக் கொய்யாவுக்கும் கொடிக்கயிற்றுக்குமாக இழுத்துக் கட்டினார். முந்தானை மட்டும் மிஞ்சிக் காற்றில் அடித்தது. அதையும் கட்டக் கையெடுத்தவர், கட்டாமல் விட்டுவிட்டு, அந்த நிழலுக்குள் நுழைந்து செடிக்குப் பக்கத்தில் குத்துக்காலிட்டு உட்கார்ந்தார்.