ஊரில் ஒருத்திக்கு மட்டும் இருந்த பெயர்

மாதுமைக்கு அந்தப் பெயரை வைத்தவர் அவளுடைய தகப்பன் சோமசேகரம். திருகோணமலைத் துறைமுகத்தில் வெள்ளைக்காரக் கடற்படையிடம் கூலிவேலை செய்த மனிதர். ஐம்பதாம் ஆண்டு நகரத்தில் கிணறு தோண்டிய இடத்தில் மண்ணுக்குள்ளிருந்து வெண்கலச் சாமி சிலைகள் வெளிப்பட்டன. முந்நூறு வருடங்களுக்கு முன்னர் போர்த்துக்கீசர் கோணேசர் கோயிலை இடித்தபோது யாரோ அள்ளிக்கொண்டு ஓடிவந்து புதைத்தவை என்று ஊர் பேசிக்கொண்டது. வேலையை விட்டுவிட்டு ஓடிப்போய்க் கூட்டத்தில் நின்றவர்களில் சோமசேகரமும் ஒருவர். மண் அப்பிய அம்மன் சிலையைப் பார்த்துப் பக்கத்தில் நின்ற ஒருவர், "இவதான் கோணேசரின்ர அம்மன், மாதுமையாள்" என்று கைகூப்பினார். அந்தப் பெயரை சோமசேகரம் அன்றைக்குத்தான் முதன்முதலாகக் கேட்டார்.

அடுத்த மாதம் மகள் பிறந்தாள். ஜாதகம் எழுதிய ஐயர் கொஞ்சம் தயங்கினார்.

"அது அம்மனுக்குச் சொல்லுற பேர். மனுசருக்கு ஒருத்தரும் வைக்கிறேல்ல. பார்வதி எண்டு வையுங்கோவன், எல்லாம் ஒண்டுதானே."

"பார்வதி எல்லா ஊரிலயும் இருக்கிறா, ஐயா. இவ எங்கட ஊரில மட்டும்தான் இருக்கிறா," என்றார் சோமசேகரம்.

மாது என்றால் பெண், உமை அம்மன், இரண்டையும் சேர்த்தால் மாதுமை என்று ஐயர்தான் விளக்கம் சொல்லி எழுதிக் கொடுத்தார். வீட்டில் 'மாது' ஆயிற்று. பள்ளிக்கூடத்தில் ஓர் ஆசிரியை மாதுமதி என்று கூப்பிட்டாள். வீடிருந்த ஒழுங்கையின் பிள்ளைகள் 'மாதுளை' என்று கத்திக்கொண்டு பின்னால் ஓடினார்கள். அதில் முன்னுக்கு ஓடியவன் பக்கத்து வீட்டு முனாப். பதிலுக்கு அவள் கல் எடுத்து எறிவாள். அவனுடைய நெற்றியில் ஒரு சிறு தழும்பு கடைசிவரை இருந்தது.

இருபது வயதில் மாதுமை குடாக்கடலுக்கு அந்தப் பக்கம், மூதூர்ப் பகுதிக்குக் கலியாணம் செய்து போனாள். மாப்பிள்ளை ஞானசேகரம், மூதூருக்கும் திருகோணமலைக்கும் ஓடிய லோஞ்சுப் படகில் வேலை செய்தவன். மூதூருக்குத் தெற்கே, பாலம் தாண்டி ஒரு தமிழ்க் கிராமம் அவனுடையது. ஒரு பிள்ளை பிறந்து காய்ச்சலில் இறந்தது. பிறகு பிள்ளை இல்லை. தொண்ணூறாம் ஆண்டு ஆனி மாதம் சண்டை மூண்ட கிழமை ஞானசேகரம் விறகுக்குப் போனான். அவனுடைய சைக்கிள் மட்டும் காட்டோரத்தில் சாய்த்தபடி நின்றது. ஆமி பிடித்தது என்றார்கள். வேறு கதையும் சொன்னார்கள். மாதுமை முகாம் முகாமாக அலைந்து பார்த்தாள். பிறகு அலைவதை நிறுத்திவிட்டுத் தயிர் விற்கத் தொடங்கினாள்.

எருமைத் தயிர். பட்டிக்காரரிடம் வாங்கிய பாலைச் சட்டிகளில் உறையவைத்து, பெட்டியில் அடுக்கி, காலை லோஞ்சில் நகரத்துக்குக் கொண்டுபோவாள். மூதூர் இறங்குதுறைக்குப் பக்கத்தில் முனாப் துணிக்கடை வைத்திருந்தான். மூதூரில் பெண்ணெடுத்து அங்கேயே தங்கிவிட்டவன். அவள் லோஞ்சுக்குக் காத்திருக்கும்போது கடைக்குள்ளிருந்து அவள் இருக்க ஒரு கதிரையை எடுத்து வெளியே போடுவான். அதிகம் கதைக்க மாட்டார்கள். அதே தொண்ணூறில் அவனுடைய தம்பியை வயலில் வைத்து, ஆமியோடு சண்டைபிடித்த தமிழ் இயக்கம் கொண்டுபோனது, திரும்பி வரவில்லை. அதற்குப் பிறகு தமிழர் முகத்தைப் பார்த்துச் சிரிக்க அவனுக்கு நெடுங்காலம் பிடித்தது. என்றாலும் கதிரையைப் போடாமல் விட்டதில்லை.

தொண்ணூற்றேழில் ஒருநாள் திருகோணமலை இறங்குதுறையில் அவளுடைய அடையாள அட்டையைப் பார்த்த சிப்பாய், அதைத் திருப்பித் தரவில்லை. உள்ளே கொண்டுபோனான். வேறு இருவர் வந்தார்கள். தயிர்ச் சட்டிகள் கரையில் இருக்க, அவளை ஜீப்பில் ஏற்றி ஆமி முகாமுக்குக் கொண்டுபோனார்கள்.

அந்த முகாமில் தமிழ் கதைக்கத் தெரிந்த அதிகாரி ஒருவன் இருந்தான். இளம் ஆள், சத்தம் போடாதவன்.

"மாதுமை எண்டது இயக்கப் பேர். உன்ட சொந்தப் பேர் என்ன?"

"அதுதான் ஐயா சொந்தப் பேர். அப்பா வைச்சது."

"பொய். எங்கட ஆக்கள் இயக்கத்தின்ர வோக்கிப் பேச்சை ஒட்டுக் கேட்டது. மாதுமை அனுப்புறது, மாதுமை சொன்னது எண்டு கதைக்கிறாங்கள். இந்த மாவட்டம் முழுக்கத் தேடினது. அந்தப் பேர் உனக்கு மட்டும்தான் இருக்குது."

மாதுமைக்கு அப்போதுதான் விளங்கியது. இயக்கத்தில் சேரும் பிள்ளைகளுக்கு அவர்கள் பழைய தமிழ்ப் பெயர்களாகத் தேடி வைப்பார்கள் என்று ஊருக்கே தெரியும். எங்கோ காட்டுக்குள் யாரோ ஒரு பெட்டைப் பிள்ளைக்கு அவளுடைய பெயரை வைத்திருக்கிறார்கள். அந்தப் பெட்டை செய்ததற்கெல்லாம் இவள் பதில் சொல்ல வேண்டும்.

"எனக்கு நாப்பத்தேழு வயசு. நான் தயிர் விக்கிறனான்," என்றாள்.

"அதுதான் வசதி. நகரத்துக்கு நாளாந்தம் வந்து போகலாம்."

பிறகு பெண் பொலிஸ்காரிகள் இருவர் வந்தார்கள். எஸ்லோன் பிளாஸ்டிக் குழாயில் மண் நிரப்பி அடித்தார்கள். உள்ளங்காலில், முதுகில், இடுப்பில். பெயரைச் சொல்லச் சொன்னார்கள். சொன்னால் அடி விழுந்தது. மூன்றாம் நாளோ நாலாம் நாளோ அவளே ஒரு பெயரைக் கண்டுபிடித்துச் சொல்லிவிடலாமா என்று யோசித்தாள். கமலாதேவி, புவனேஸ்வரி, ஏதாவது. சொன்னால், இவ்வளவு காலமும் ஒளித்து வைத்தாய் என்று அதற்கும் அடிப்பார்கள் என்று வாயை மூடிக்கொண்டாள். சுவருக்கு அந்தப் பக்கம் ஒரு பெடியன் இரவும் பகலும் அம்மா என்று கத்தினான். பிறகு கத்தவில்லை.

அவளுடைய தயிர்ச் சட்டிகளை லோஞ்சுக்காரர் திருப்பி மூதூருக்குக் கொண்டுவந்து இறக்கினார்கள். முனாப் அவற்றைக் கண்டான். விசாரித்தான். பெயரால் பிடித்திருக்கிறார்கள் என்று இறங்குதுறையில் நின்ற யாரோ சொன்னார்கள். அன்று பின்னேரம் அவன் வீட்டில் நடந்த பேச்சைப் பிற்காலத்தில் அவனுடைய மனைவி ஸுல்பிகாதான் மாதுமைக்குச் சொன்னாள்.

"உங்கட தம்பிய கொண்டுபோன நேரம் தமிழாக்கள் எவரும் போய்க் கேட்டாங்களா?" என்று ஸுல்பிகா கேட்டிருக்கிறாள்.

"இல்ல."

"அப்ப நீங்க என்னத்துக்குப் போகணும்? ஆமிக் காம்புக்குள்ள போய் வாறத நாலுபேர் பாக்காமலா இருப்பாங்க?"

"அவட பேர் அதுதான் எண்டு தெரிஞ்ச ஆள் இந்த ஊரில நான் மட்டும்தான் புள்ள. வேற ஆர் சொல்லுவாங்க?"

மறுநாள் காலை அவன் லோஞ்சேறித் திருகோணமலை முகாமுக்குப் போனான். வாசலில் விடவில்லை. அதற்கடுத்த நாளும் போனான். மூன்றாவது தடவை அந்த இளம் அதிகாரி உள்ளே கூப்பிட்டான். மாதுமையைக் கொண்டுவந்து மூலையில் இருத்தியிருந்தார்கள். முனாப் அவளைப் பார்த்தான். அவளுடைய கால்களைப் பார்த்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டான்.

"உனக்கு இவளைத் தெரியுமா?"

"சின்ன வயசில இருந்து தெரியும் சேர். ஒரே ஒழுங்கை. இவட பேரைச் சொல்லிப் பகிடி பண்ணினதுக்கு இவ எறிஞ்ச கல்லுதான் இது." நெற்றியைத் தொட்டுக் காட்டினான்.

"இது இயக்கப் பேர். நீ முஸ்லிம், உனக்கு இது தெரியாது."

"சாமிட பேர் சேர். கோணேசர் கோயில் அம்மன்ட பேர். இவட வாப்பா அதத்தான் வெச்சவர்."

"எந்தக் கோயில்?"

"உங்கட கோட்டைக்குள்ள இரிக்கிற கோயில்தான் சேர். ஆமிக் காம்பைத் தாண்டித்தானே சனம் மலைக்குப் போகுது. உங்கட ஆக்களும் அங்க போய்த் தேங்காய் உடைக்கிறாங்க. அந்த ஐயரிட்ட ஒரு ஆளை அனுப்பிக் கேளுங்க, உள்ளுக்கு இரிக்கிற அம்மாட பேர் என்ன எண்டு."

அதிகாரி ஒரு சிப்பாயைக் கூப்பிட்டுச் சிங்களத்தில் ஏதோ சொன்னான். சிப்பாய் மோட்டார் சைக்கிளில் போனான். அவன் திரும்பி வரும்வரை மூவரும் அந்த அறையிலேயே இருந்தார்கள். மாதுமைக்குத் தண்ணீர் கேட்க வேண்டும் போலிருந்தது. கேட்கப் பயமாக இருந்தது. முனாப் அதைக் கண்டுகொண்டவன் போல மேசைக்கு மேலிருந்த போத்தலைப் பார்த்தான், அவனும் கேட்கவில்லை.

சிப்பாய் வந்து தலையாட்டினான்.

அன்றே விடவில்லை. இன்னும் இரண்டு கிழமை வைத்திருந்துதான் விட்டார்கள். வாசலில் அட்டையைத் திருப்பித் தந்த அதிகாரி, "வேற பேர் மாத்து. அதுதான் உனக்கு நல்லது," என்றான். அவன் அதைக் கோபமாகச் சொல்லவில்லை.

லோஞ்சில் மூதூருக்கு வந்து இறங்கியபோது முனாப் கதிரையைப் போட்டான். அவளால் இருக்க முடியவில்லை; நின்றுகொண்டே தேநீர் குடித்தாள். "நீ வந்தனி எண்டுதான் நான் உயிரோட நிக்கிறன்," என்றாள். "சட்டியெல்லாம் உள்ளுக்கு வெச்சிரிக்கன், ஒண்டுதான் உடைஞ்ச," என்றான் அவன்.

ஊருக்கு வந்த பிறகு ஒரு மத்தியானம் இரண்டு இயக்கப் பெடியன்கள் சைக்கிளில் வந்தார்கள். ஆயுதம் வெளியில் தெரியவில்லை. அம்மா என்றுதான் கூப்பிட்டார்கள்.

"உங்களை எப்பிடி விட்டவங்கள்?"

"முனாப் வந்து கதைச்சவர். சாமியின்ர பேர் எண்டு சொல்லி விளங்கப்படுத்தினவர்."

"துணிக்கடைக்காரர். தெரியும். எத்தினை தரம் காம்புக்குப் போனவர்?"

மாதுமை அவசரப்பட்டுச் சொன்னாள்: "எனக்காகத்தான் தம்பி போனவர். வேற ஒண்டுக்கும் இல்ல. நல்ல மனுசன். சின்ன வயசில இருந்து எனக்குத் தெரியும்."

"சரி அம்மா."

அவள் கொடுத்த தயிரைச் சீனி போட்டுச் சாப்பிட்டார்கள். எழும்பும்போது இளையவன் சொன்னான்: "உங்கட பேரில எங்களிட்ட ஒரு அக்கா இருந்தவா."

"இருந்தவாவோ?"

"போன மாசம் வீரச்சாவு."

"எந்த ஊர்ப் பிள்ளை?"

"தெரியாது அம்மா. வீட்டில வைச்ச பேர் வேற."

அவர்கள் போன பிறகு, முகம் தெரியாத அந்தப் பெட்டைக்காக மாதுமை அழுதாள். அவளால்தான் தனக்கு இந்த அடி விழுந்தது என்று நினைத்துப் பார்த்தும் கோபம் வரவில்லை. எவளோ பெற்ற பிள்ளை, தன்னுடைய பெயரோடு செத்துப்போயிருக்கிறது.

முனாப்பை அவர்கள் சுட்டது ஒரு வெள்ளிக்கிழமை. ஜும்மாவுக்குப் போகக் கடையைப் பூட்டிக்கொண்டிருந்தபோது பின்னாலிருந்து இரண்டு வெடி. மூதூர் முழுவதும் கடையடைப்பு. பாலத்துக்கு அந்தப் பக்கம் தமிழர் எவரும் போகவில்லை, இந்தப் பக்கம் முஸ்லிம்கள் எவரும் வரவில்லை. தகவல் கொடுத்தவனுக்குத் தண்டனை என்று ஒரு கதை ஊருக்குள் உலாவியது. யார் பரப்பினார்கள் என்று எவரும் கேட்கவில்லை.

மாதுமை அன்றைக்குச் சோறு சமைக்கவில்லை. அந்தப் பெடியன்களுக்குத் தான் சொன்ன ஒவ்வொரு சொல்லையும் திரும்பத் திரும்ப எடுத்துப் பார்த்தாள். நல்ல மனுசன் என்று சொன்னது போதாமல் போயிற்றா, சொன்னதே பிழையா? அவனுடைய பெயரையே எடுக்காமல் இருந்திருந்தால்? ஆனால் அவர்களுக்கு முன்னமே தெரிந்திருந்ததே. எங்கே தொடங்கினாலும் நினைப்பு அவர்களுக்குக் கொடுத்த தயிர்க் கிண்ணத்தில் வந்து நின்றது.

பாதை திறந்ததும் அவள் மூதூருக்குப் போனாள். சொந்தக்காரர் வேண்டாம் என்று மறித்தார்கள். முனாப்பின் வீட்டுக்குள் பெண்கள் நிறைய இருந்தார்கள். அவளைக் கண்டதும் ஒருத்தி எழும்பி உள்ளே போனாள். ஸுல்பிகா, புருசனை இழந்த பெண்கள் வீட்டுக்குள்ளேயே இருக்கும் இத்தாவில் இருந்தவள், வெள்ளைச் சீலையோடு அறை வாசலுக்கு வந்தாள்.

"வாங்க," என்றாள். மாதுமை நிலத்தில் அமர்ந்தாள். பிறகு ஸுல்பிகாவே அன்றைக்குத் தானும் முனாப்பும் கதைத்ததைச் சொன்னாள். அழாமல் சொன்னாள்.

"நான் மறிச்சன். கேக்கல்ல. உங்கட பேருக்காகத்தான் போனவர்."

"எனக்குத் தெரியும்."

"நீங்க செஞ்ச எண்டு நான் சொல்லல்ல. அல்லாஹ்வுக்குத் தெரியும். ஆனா உங்களக் கண்டா எனக்கு அவர் காம்புக்குப் போன அந்தக் காலைதான் நினைவுக்கு வருகுது. இனி இங்கால வராதீங்க."

மாதுமை எழும்பினாள். கும்பிட வேண்டும் போலிருந்தது. அந்த வீட்டில் அது பொருந்தாது என்று கைகளைத் தொங்கவிட்டபடியே வெளியே வந்தாள். அதன் பிறகு அவள் மூதூர் இறங்குதுறைக்குப் போகவில்லை. தயிர் விற்பதை விட்டு, வயல்காரருக்கு நெல் அவித்துக் கொடுத்துச் சீவித்தாள். அட்டையில் பெயரை மாற்றவில்லை. ஆனால் கேட்பவர்களுக்கு மாது என்று மட்டும் சொன்னாள்.

இரண்டாயிரத்து ஆறில் அந்தப் பகுதியெங்கும் ஷெல்லும் விமானக் குண்டும் விழுந்தன. மூதூர் முஸ்லிம்கள் கந்தளாய்ப் பக்கம் நடந்தார்கள். அவளுடைய கிராமத்துச் சனம் வெருகல் ஆற்றைக் கடந்து தெற்கே ஓடியது. ஐம்பத்தாறு வயதில் அவளும் ஓடினாள். நனைந்த கால்கள் பழைய அடியின் நோவை எழுப்பின. மாதக்கணக்கில் இடம் மாறி மாறி, கடைசியில் மட்டக்களப்புப் பக்கம் ஒரு கூடார முகாமில் வந்து விழுந்தாள்.

பக்கத்துக் கூடாரத்தில் பாக்கியரத்தினம் என்று ஒரு இளம் பெண், வயிற்றுப் பிள்ளைக்காரி. புருசன் எங்கே என்று தெரியாது. மாதுமை அவளுக்குத் தண்ணீர் அள்ளிக் கொடுத்தாள், பிள்ளைப்பேறு நேரத்தில் கூட நின்றாள். பெண்பிள்ளை பிறந்தது. நிவாரணச் சாமான் கொடுக்கும்போது மாதுமையின் முழுப் பெயரைக் கூப்பிட்டதைக் கேட்டிருந்த பாக்கியரத்தினம், பிள்ளையை மடியில் வைத்துக்கொண்டு சொன்னாள்:

"அம்மா, உங்கட பேரைத்தான் வைக்கப்போறன். வடிவான பேர். நான் ஒரு இடமும் கேள்விப்படேல்ல."

"வேண்டாம் பிள்ளை."

"ஏன் அம்மா?"

மாதுமை குழந்தையின் கையைப் பிடித்துப் பார்த்தாள். கை மடங்கி விரலை இறுக்கிக்கொண்டது.

"ஊரில பத்துப்பேருக்கு இருக்கிற பேரா வை. ஆர் கூப்பிட்டாலும் பத்துப்பேர் திரும்பிப் பாக்கிற பேரா வை. தேடி வாறவனுக்கு எந்தப் பிள்ளை எண்டு தெரியக்கூடாது."

பாக்கியரத்தினத்துக்கு அது விளங்கவில்லை. ஆனால் தனக்குப் பிள்ளைப்பேறு பார்த்தவள் சொன்ன சொல்லைத் தட்ட விரும்பவில்லை. பிள்ளைக்குப் பிரியா என்று பெயர் வைத்தாள். அந்த முகாமிலேயே அந்தப் பெயரில் வேறும் நாலைந்து பேர் இருந்தார்கள்.